கலப்படம் வேறு, கலவை வேறு!

கலப்படம் என்ற வார்த்தையைக் கேட்டாலே குடும்பப் பெண்களுக்கு அடிவயிறு கலங்கும். மிளகில் பப்பாளி விதை, மஞ்சள் பொடியில் சாயம், பாலில் தண்ணீர்... எத்தனை பார்த்துவிட்டோம்! ஆனால் தினமும் சமையலறையில் நாம் செய்வதும் கலக்கிற வேலைதானே? சாம்பார் பொடிக்கு மல்லி, மிளகாய், துவரம்பருப்பு, கடலைப்பருப்பு, வெந்தயம், பெருங்காயம் என்று எத்தனை சாமான்கள்! அதை யாரும் கலப்படம் என்று சொல்வதில்லை. என்ன வித்தியாசம்? கலப்படத்தில் ஒரு பொருள் இன்னொரு பொருள் மாதிரி வேஷம் போட்டு நம்மை ஏமாற்றுகிறது. கலவையிலோ ஒவ்வொன்றும் தன் சொந்தப் பெயரோடும் வாசனையோடும் வந்து சேருகிறது. பக்குவம் தெரிந்த கை அதற்கு அளவு பார்க்கிறது. அவ்வளவுதான்!

சங்கீதத்திலும் இதே கதைதான். "அந்தக் காலத்து சுத்தமான பாட்டெல்லாம் போச்சு, எல்லாம் ஒரே கலப்படம்" என்று புலம்பாத ஊர் உலகத்தில் இல்லை. அந்தப் புலம்பல் எப்போது நியாயம், எப்போது அநியாயம்? இதை யோசிக்க வைத்த ஒரு வாத்தியக் கோஷ்டியைப் பற்றித்தான் இந்தத் தடவை உங்களோடு பேசப்போகிறேன்.

அந்தக் கோஷ்டியின் பெயர் 'ஃபார்மர்ஸ் மார்க்கெட்'. நம் பாஷையில் உழவர் சந்தை! கத்தரிக்காயும் வெண்டைக்காயும் விற்கிற இடம் என்று நினைத்துவிடாதீர்கள். ஐரோப்பாவின் வடகோடியில் இருக்கிற நார்வே நாட்டில், ட்ரோண்ட்ஹெய்ம் என்ற ஊரில், 1991-ல் பிறந்த கோஷ்டி இது. அந்த ஊர் சங்கீதக் கல்லூரியில் ஜாஸ் சங்கீதத்திற்கென்றே ஒரு பிரிவு 1979-லிருந்து இருக்கிறது. அங்கே படித்துக் கொண்டிருந்த பிள்ளைகள்தான் ஒன்றுகூடி இதை ஆரம்பித்தார்கள்.

ஜாஸ் என்பது அமெரிக்காவின் கறுப்பின மக்கள் உலகத்துக்குக் கொடுத்த கொடை. நம் வித்வான்கள் ராகத்தை எடுத்துக்கொண்டு மனோதர்மமாக விஸ்தாரம் செய்கிறார்கள் அல்லவா? அதுபோல் ஒரு மெட்டை எடுத்துக்கொண்டு, அந்த நேரத்தில் என்ன தோன்றுகிறதோ அதை வாசிப்பதுதான் ஜாஸின் உயிர்நாடி. இந்த நார்வே பிள்ளைகளும் முதலில் கட்டுப்பாடே இல்லாத ஒருவகை ஜாஸைத்தான் வாசித்துப் பார்த்தார்கள். பிறகு அவர்கள் காதில் விழுந்தது பல்கேரியா நாட்டுக் கிராமிய சங்கீதம். விழுந்ததோ இல்லையோ, ஆளையே மாற்றிவிட்டது!

பல்கேரியா எங்கே இருக்கிறது? நார்வேயிலிருந்து 2,000 கிலோமீட்டருக்கும் மேலே தெற்கே. பல்கேரியாவுக்குக் குறுக்கே ஓடும் பால்கன் மலைத்தொடரின் பெயரைத்தான் சுற்றுவட்டார தேசங்கள் எல்லாவற்றுக்கும் சேர்த்து 'பால்கன் நாடுகள்' என்று வைத்திருக்கிறார்கள். பல்கேரியாவை ஏறக்குறைய ஐந்நூறு வருஷம் துருக்கிய சுல்தான்கள் ஆண்டார்கள். பல்கேரியர், துருக்கியர், ஜிப்ஸிகள் என்று நாம் சொல்லும் ரோமா மக்கள் எல்லோரும் பக்கத்துப் பக்கத்து வீடுகளில் வாழ்ந்த பூமி அது. அங்கே பாட்டு மட்டும் எப்படிக் கலக்காமல் இருக்கும்?

அந்தப் பாட்டின் விசேஷம் தாளத்தில் இருக்கிறது. மேற்கத்திய நடனப் பாட்டுகள் பெரும்பாலும் இரண்டு, மூன்று, நான்கு என்று சீராக நடக்கும். பல்கேரியர்களுக்கு அது போதாது. கல்யாணத்தில் கையில் கைக்குட்டையை வீசிக்கொண்டு 'ருச்செனித்ஸா' என்று ஒரு ஆட்டம் ஆடுவார்கள். அதற்கு ஏழு எண்ணிக்கை. அதை இரண்டு, இரண்டு, மூன்று என்று பிரித்துக் கொள்ள வேண்டும். பாட்டு வகுப்பில் கொஞ்ச நாள் உட்கார்ந்தவர்களுக்கு இது சுலபமாகப் புரியும். நம் மிஸ்ர சாபு 'தகிட தகதிமி'. அதைத் திருப்பிப் போட்டு 'தகதிமி தகிட' என்று சொல்லுங்கள். ருச்செனித்ஸா வந்துவிட்டது! 'பைதுஷ்கோ' என்று இன்னொரு ஆட்டம். அதற்கு ஐந்து: 'தக தகிட'. அப்படியே நம் கண்ட சாபு! 'கோபானித்ஸா'வுக்குப் பதினொன்று: 'தக தக தகிட தக தக'. என்ன, தலை சுற்றுகிறதா?

மத்தியான வேலையெல்லாம் முடிந்த பிறகு குழந்தைகளை உட்கார வைத்து இதைக் கையால் தட்டிப் பாருங்கள். 'தக' வரும்போது தொடையில் ஒரு தட்டு, 'தகிட' வரும்போது கையோடு கை சேர்த்து ஒரு தட்டு. முதலில் மெதுவாக, அப்புறம் வேகமாக. பல்கேரியாவில் இதை எண்ணிக்கொண்டு ஆடுவதில்லை. குட்டைக் காலடி, நெட்டைக் காலடி என்று உடம்பிலேயே ஊறிப்போயிருக்கிறது. ஹங்கேரி நாட்டு சங்கீத மேதை பேலா பார்ட்டோக் இந்தத் தாளங்களில் மனசைப் பறிகொடுத்தார். பியானோ பழகுகிறவர்களுக்கென்று 'மைக்ரோகாஸ்மாஸ்' என்ற பெயரில் 153 பாடங்கள் எழுதியவர், கடைசி ஆறு பாடங்களையும் பல்கேரியத் தாளத்திலேயே அமைத்தார்.

நார்வேக்காரர்களுக்கு இது முற்றிலும் அந்நியம் என்றும் சொல்லிவிட முடியாது. அவர்கள் நாட்டிலும் 'ஸ்ப்ரிங்கர்' என்று ஒரு கிராமிய நடனம் உண்டு. கணக்குக்கு மூன்று தட்டுதான். ஆனால் டெலிமார்க் பகுதியில் அதை ஆடும்போது ஒரு தட்டு நீளும், ஒரு தட்டு குறுகும். கோணல் நடையின் அழகு தெரிந்த ஊர்தான் அதுவும்.

இனி நம் கட்சிக்கு வருவோம். பல்கேரியக் கிராமங்களில் வாத்தியம் வாசிப்பது ஆண்கள் வேலை. முனையில் வாய் வைத்து ஊதும் 'கவால்' என்ற குழல், ஆட்டுத்தோல் பையில் காற்றடைத்து ஊதும் 'கைதா', இவையெல்லாம் அவர்கள் சொத்து. பாட்டோ பெண்கள் சொத்து! அறுவடைக்குப் பாட்டு, கல்யாணத்துக்குப் பாட்டு, மணப்பெண்ணை அனுப்பி வைக்கப் பாட்டு. அறுவடை முடிந்து குளிர் தொடங்கியதும் பெண்கள் ராட்டையும் பூவேலையுமாக ஒன்றுகூடி உட்காருவார்கள். அதற்கு 'ஸெதியான்கா' என்று பெயர். கை நூல் நூற்க, வாய் பாடும். தலைநகர் ஸோஃபியாவுக்குப் பக்கத்தில் பிஸ்த்ரித்ஸா என்று ஒரு கிராமம். அங்கே ஒருத்தி ஒரே சுருதியைப் பிடித்து நிறுத்த, இன்னொருத்தி அதை உரசுகிறாற்போல் பக்கத்து ஸ்வரத்தில் பாடுவாள். கேட்டால் மயிர்க்கூச்செறியும். அந்த ஊர்ப் பாட்டிமார்களின் பாட்டை மனிதகுலத்தின் பொக்கிஷங்களில் ஒன்றாக யுனெஸ்கோ 2005-ல் அறிவித்தது. கோஷ்டியின் பெயரே 'பிஸ்த்ரித்ஸா பாட்டிகள்'தான்!

இன்னொரு பெண்மணியைப் பற்றியும் சொல்ல வேண்டும். வால்யா பல்கான்ஸ்கா, ரோடொப்பி மலைப்பக்கத்துக்காரர். அவர் பாடிய ஒரு நாட்டுப்பாட்டை அமெரிக்கர்கள் 1977-ல் வாயேஜர் விண்கலங்களில் வைத்த தங்கத் தட்டில் பதித்து அனுப்பினார்கள். மலை கிராமத்துப் பெண் ஒருத்தியின் குரல் நட்சத்திரங்களுக்கு நடுவே போய்க்கொண்டிருக்கிறது. கேட்கும்போதே பெருமையாக இல்லை?

பல்கேரிய அரசாங்கம் 1952-ல் இப்படிப்பட்ட குரல்களைச் சேர்த்து ஒரு மகளிர் பாடகர் குழு அமைத்தது. மார்செல் ஸெல்லியே என்ற ஸ்விட்சர்லாந்துக்காரர் 1975-ல் அவர்கள் பாட்டுகளை 'பல்கேரியக் குரல்களின் மர்மம்' என்று அர்த்தப்படும் பிரெஞ்சுத் தலைப்பில் இசைத்தட்டாகப் போட்டார். அதன் இரண்டாம் பாகத்துக்கு 1990-ல் கிராமி பரிசு கிடைத்தது. நம் நார்வே பிள்ளைகளின் முதல் இசைத்தட்டு 1995-ல் வந்தது. 'ஸ்பீட்/பால்கன்/பூகி' என்று பெயர். அதில் முன்னால் நின்று பாடியவர்கள் யார் தெரியுமா? இந்த மகளிர் குழுவின் முன்னணிப் பாடகிகள்தான்! புதிதாகச் சமைக்க வந்தவர்கள் அந்த வீட்டுப் பெரியவர்களையே கூப்பிட்டு அடுப்படியில் நிற்க வைத்துக்கொண்ட மாதிரி. எனக்கு அது ரொம்பப் பிடித்திருந்தது.

ஆனால் கலவையைக் கண்டுபிடித்தவர்கள் நார்வேக்காரர்கள் இல்லை. அதைத்தான் முக்கியமாகச் சொல்ல வேண்டும்.

பல்கேரியாவில் கிராமியப் பாட்டையும் ஜாஸையும் பின்னிப் பிசைந்து கொடுத்தவர்கள் கல்யாண வீட்டு வாத்தியக்காரர்கள். அவர்களில் ராஜா என்றால் ஈவோ பபாசோவ். துருக்கிய வழி ரோமா குடும்பத்தில் 1952-ல் பிறந்த கிளாரினெட் வித்வான். 'திராக்கியா' என்ற தன் கோஷ்டியோடு அவர் ஊர் ஊராகக் கல்யாணங்களுக்கு வாசித்தார். கிளாரினெட், சாக்ஸபோன், அக்கார்டியன், டிரம்ஸ் எல்லாம் சேர்ந்து புயல் மாதிரி வேகம்! அவருக்குத் தோதான நாளில்தான் கல்யாணத் தேதியையே வைப்பார்களாம். அழைத்தவர்கள் நூறு பேர் என்றால், அழைக்காமலே பாட்டுக் கேட்க ஆயிரம் பேர் வந்து நிற்பார்களாம். பந்தி பரிமாறுகிறவர்கள் பாடு என்ன ஆகியிருக்கும் என்று எனக்குக் கவலை!

அரசாங்கத்துக்கு இது பிடிக்கவில்லை. அப்போது அங்கே கம்யூனிஸ்ட் ஆட்சி. தோதோர் ஷிவ்கோவ் 1954 முதல் 1989 வரை கட்சித் தலைவராக இருந்தார். பல்கேரியப் பாட்டு என்றால் அது 'சுத்த' பல்கேரியமாக இருக்க வேண்டும், துருக்கி வாசனையோ ரோமா வாசனையோ மேற்கத்திய வாசனையோ கூடாது என்று அதிகாரிகள் முடிவு கட்டினார்கள். சில ஆட்டங்களுக்கும் வாத்தியங்களுக்கும் தடை போட்டார்கள். பாட்டோடு நின்றார்களா? இல்லை. 1984-85 குளிர்காலத்தில் நாட்டிலிருந்த துருக்கிய மக்கள் எல்லோருடைய பெயரையும் பலவந்தமாக மாற்றினார்கள். மெஹ்மத் என்று பெயருள்ளவர் ஸ்லாவியப் பெயர் ஒன்றைச் சூட்டிக்கொள்ள வேண்டும், ஃபாத்மா இன்னொருத்தியாக வேண்டும். பெற்ற தாய் ஆசையாக வைத்த பெயரைக் கூப்பிடக் கூடாது என்று சட்டம் போட்டால் எப்படி இருக்கும், யோசித்துப் பாருங்கள்! 1989 கோடையில் மூன்று லட்சம் பேருக்கு மேல் வீடு வாசலை விட்டுத் துருக்கிக்குப் புறப்பட்டார்கள்.

அந்தக் கெடுபிடியில் பபாசோவ் சிறைக்கும் போய்வந்தார். கல்யாணத்தில் வாசித்தவர் செய்த குற்றம் கலந்து வாசித்ததுதான். ஆனால் ஜனங்கள் அவரை விடவில்லை. ரேடியோவில் 'சுத்தமான' பாட்டு, கல்யாண வீட்டில் பபாசோவ் பாட்டு. 1989-ல் அவருடைய இசைத்தட்டு வெளிநாட்டில் வெளியாகி உலகமே காது கொடுத்தது. அதே வருஷம் நவம்பரில் ஷிவ்கோவ் பதவி இழந்தார்.

இதையெல்லாம் தெரிந்துகொண்ட பிறகு எனக்கு ஒரு நெருடல். பல்கேரியாவில் சிறைக்கு அனுப்பிய அதே கலவையை, நார்வேயில் கல்லூரிப் பிள்ளைகள் எந்த பயமும் இல்லாமல் சிரித்துக்கொண்டே வாசிக்கிறார்கள். உழைத்துச் சமைத்தவள் ஒருத்தி, பேர் வாங்குகிறவள் இன்னொருத்தி என்கிற வழக்கமான குடும்பக் கதையாகி விடாதா இது?

ஆகவில்லை என்றே நினைக்கிறேன். காரணம் சொல்கிறேன்.

முதல் காரணம், திரிஃபோன் திரிஃபோனோவ். பல்கேரியக் கல்யாண வாத்திய உலகில் பேர் பெற்ற சாக்ஸபோன் வித்வான் அவர். நார்வே கோஷ்டி அவரை ஒருநாள் விருந்தாளியாகக் கூப்பிட்டு, போட்டோ எடுத்து, சால்வை போர்த்தி அனுப்பிவிடவில்லை. கோஷ்டியில் ஒருவராகவே சேர்த்துக்கொண்டார்கள். மற்றவர்கள் அவரைச் சுற்றி அணி வகுத்தார்கள். மூலச் சரக்கு எங்கிருந்து வந்தது என்பதை மறைக்காமல் நடுக்கூடத்தில் உட்கார வைத்தார்கள்.

இரண்டாவது காரணம், உழைப்பு. கோஷ்டித் தலைவர் ஸ்டியான் கார்ஸ்டென்சன் 1971-ல் ஐட்ஸ்வோல் என்ற ஊரில் பிறந்தவர். 1814-ல் நார்வேயின் அரசியல் சட்டம் கையெழுத்தான ஊர் அது. தோளில் மாட்டிக்கொண்டு வாசிக்கும் அக்கார்டியன் அவருடைய பிரதான வாத்தியம். ஆனால் பல்கேரியாவின் கவால் குழலையும் கைதாவையும் அவர் கற்றுக்கொண்டார். அமெரிக்க பாஞ்ஜோவும் பெடல் ஸ்டீல் கிதாரும்கூட அவருக்குக் கைவந்தவை. டிரம்ஸ் வாசிக்கும் யார்லே வெஸ்பெஸ்தாத்தைப் பாருங்கள். டூர்ட் குஸ்தாவ்சன் என்ற பியானோ கலைஞரோடு வாசிக்கும்போது இலை விழுகிற சத்தம் மாதிரி அத்தனை மெதுவாக வாசிப்பவர், இங்கே பதினொரு எண்ணிக்கையை மழையாகப் பொழிகிறார். கிதாரும் பாட்டும் நில்ஸ்-ஓலாவ் யோஹான்சன், பாஸ் வாத்தியம் ஃபின் குட்டோர்ம்சன். ஒரு தட்டு பிசகினால் எல்லாம் சரிந்துவிடும் என்கிற வேகத்தில் சேர்ந்து ஓடுகிறார்கள். இது மேலோட்டமாக நுனிப்புல் மேய்ந்தவர்களுக்கு வருகிற வித்தை இல்லை.

மூன்றாவது காரணம், சிரிப்பு. இவர்கள் பாட்டு பல்கேரியக் கல்யாணமாக ஓடிக்கொண்டிருக்கும். திடீரென்று அமெரிக்கக் கிராமத்துப் பாட்டாக மாறும். அடுத்த நிமிஷம் டிஸ்கோ! மறுபடி ருச்செனித்ஸா! இசைத்தட்டுகளின் பெயர்களிலும் குறும்புதான். 1997-ல் வந்தது 'மூசிக் ஃப்ரா ஹைப்ரிதேனே'. 'ஹெப்ரிதேனே' என்றால் நார்வே மொழியில் ஸ்காட்லாந்துப் பக்கத்து ஹெப்ரிடீஸ் தீவுகள். ஒரு எழுத்தை மாற்றி 'ஹைப்ரிதேனே' ஆக்கினால் 'ஒட்டு ரகங்களின் இசை' என்று அர்த்தம்! 2008-ல் வந்தது 'சர்ஃபின் யு.எஸ்.எஸ்.ஆர்.'. அமெரிக்காவின் பீச் பாய்ஸ் கோஷ்டி 1963-ல் பாடிய 'சர்ஃபின் யு.எஸ்.ஏ.'வைக் கொண்டுபோய் ரஷ்யப் பனியில் நிறுத்தின கிண்டல். 2012-ல் வந்தது 'ஸ்லாவ் டு த ரிதம்'. 'தாளத்துக்கு அடிமை' என்று கிரேஸ் ஜோன்ஸ் பாடிய 1985-ஆம் வருஷத்துப் பாட்டின் தலைப்பில் ஒரு எழுத்தைக் குறைத்து, அடிமையை ஸ்லாவியர் ஆக்கிவிட்டார்கள்!

கேலியில் இரண்டு வகை உண்டு. அடுத்த வீட்டுக்காரியின் நடையைப் பார்த்துச் செய்கிற கேலி ஒன்று. கூடப்பிறந்தவர்களோடு உட்கார்ந்து நம் வீட்டுப் பழக்க வழக்கங்களையே சொல்லிச் சிரிக்கிற கேலி ஒன்று. இவர்கள் கேலி இரண்டாவது வகை. அந்த உரிமையைப் பழகிச் சம்பாதித்திருக்கிறார்கள். பல்கேரிய வித்வானே கூட நின்று அந்த வேடிக்கையில் வாசிக்கிறார் என்றால் வேறு சாட்சி எதற்கு?

நான் முதல் தடவை இதைச் சத்தமாக வைத்துக் கேட்டபோது, "வீட்டில் கல்யாணமா, சண்டையா?" என்று கூடத்திலிருந்து கேட்டார் என் வீட்டுக்காரர். இரண்டும்தான் என்றேன். பத்து நிமிஷம் கழித்து எட்டிப் பார்த்தால், நாற்காலிக் கையில் விரலால் தாளம் போட்டுக்கொண்டிருக்கிறார்! ஏழில் ஒன்று குறைத்து ஆறாகத்தான் போட்டார். அதனால் என்ன?

'சுத்தம்' என்ற வார்த்தை சமையலறையில் நல்ல வார்த்தை. மனிதர்கள் விஷயத்தில் அதை யாராவது சொன்னால் மட்டும் நான் கொஞ்சம் பயப்படுகிறேன். பல்கேரியாவில் பாட்டைச் சுத்தம் பண்ணப் புறப்பட்டவர்கள் கடைசியில் மனிதர்களின் பெயர்களையே அழித்தார்கள். கலப்படம் என்று அவர்கள் வைததைக் கல்யாண வீடுகள் காப்பாற்றின. கேட்டுப் பழகி, கற்றுக்கொண்டு, கொடுத்தவர் பேரைச் சொல்லிக் கலந்தால் அதில் மூலப்பொருளுக்கு எந்தக் குறையும் வராது. பேரை மறைத்தால் அதுதான் கலப்படம்.

உங்கள் வீட்டில் பிள்ளைகள் யாராவது கம்ப்யூட்டரிலோ செல்போனிலோ பாட்டுத் தேடித் தருகிறவர்களாக இருந்தால் இந்த வரிசையில் கேட்டுப் பாருங்கள். முதலில் பிஸ்த்ரித்ஸா பாட்டிகள். காது பழகக் கொஞ்ச நேரம் ஆகும், விட்டுவிடாதீர்கள். அடுத்தது ஈவோ பபாசோவின் கல்யாணக் கிளாரினெட். அதற்குப் பிறகு உழவர் சந்தை. நேராக மூன்றாவதுக்குப் போனால் ஏதோ வேடிக்கைச் சத்தம் என்று தோன்றிவிடும். முதல் இரண்டையும் கேட்டுவிட்டுப் போனால், ஒவ்வொரு சாமானும் எந்த வீட்டிலிருந்து வந்தது என்று உங்களுக்கே வாசனை பிடிபடும்.

கேட்டுவிட்டு எப்படி இருந்தது என்று எழுதுங்கள். பதினொன்றைப் பிசகாமல் தட்டிக் காட்டுகிற குழந்தைகளைப் பற்றிக் கட்டாயம் எழுதுங்கள்!